ஐந்தாவது வரி

கருங்கலில் இறங்கியதும் மழை பிடித்துக்கொண்டது.
ரப்பர் தோட்டத்துக்குள்
ஞானாபரணத்தின் வீடு எது என்றேன்.
"வெட்டுப்பட்ட பிள்ளைக்க வீடா?"
கையை நீட்டினார்கள்.
பெயர் போய் மூன்று மாதம் ஆகியிருந்தது.

என் முதல் செய்தி அது. பதினோரு வரி.
வெட்டியவன் கணவன்.
காரணம் மட்டும் அவள் பக்கம் இருந்தது;
ஸ்டேஷன் வாசல் சாயாக்கடையில்
ஏட்டு சொன்னதை
கண்ணாடி டம்ளர் ஆறுவதற்குள் எழுதிக்கொண்டேன்.
ரேஷன் கார்டு படத்தைப் பெரிதாக்கிப் போட்டார்கள்.
அன்று பஸ்ஸில் நான் அதை
இரண்டு முறை விரித்துப் பார்த்தேன்,
என் எழுத்து என்று.

வேதப்புத்தகத்துக்குள்ளிருந்து துண்டை எடுத்தாள்.
"எனக்கு எழுத்து தெரியாது மக்கா.
ஆருட்டயும் கேக்க நாணம்.
எம்பிள்ளயப் பத்தி என்னவாக்கும் போட்டிருக்கு?"
அண்டி எண்ணெயில் வெந்து கறுத்த விரல்கள்.
மகளும் அதே அண்டியாபீஸில்தான்.

வாசித்தேன்.
லில்லி புஷ்பம், வயது இருபத்தாறு.
ஐந்தாவது வரியில் என் விரல் நின்றது.
"வேலைக்கு ஒருநாளும் பிந்தாதவர்" என்றேன்.
அச்சில் இல்லாத வரி.

"இல்ல, ஒருநாள் பிந்தினா.
பாலம் முங்கின அன்னைக்கு.
அது எழுதியிருக்கா?"
எழுதியிருக்கு.
"தம்பிக்கு பீஸ் கெட்ட கம்மல் வச்சது?"
அதுவும்.
பதினோரு வரிக்கு முக்கால் மணி நேரம் ஆனது.

பிறகு இருபத்தெட்டு வருடம்
நான் செய்ததெல்லாம் அதுதான்:
பிந்திய நாள் எது என்று கேட்பது.
ரத்தம் எவ்வளவு என்று கேட்ட ஆசிரியருக்கு
குலசேகரத்து நர்சிங் பிள்ளை
பாதி எழுதி வைத்த லீவு லெட்டரைக் கொடுத்தேன்.
யார் படிப்பா இதை என்றார்.
சில நாள் போட்டார். பல நாள் போடவில்லை.

ஒரு தீர்ப்பும் என்னால் மாறவில்லை.
அவன் ஒன்பதாம் வருடம் வெளியே வந்தான்.
மார்த்தாண்டத்தில் ஒரு மழைநாள்
குடைக்கம்பி மாற்றிக் கொடுத்தவன் அவன் என்பது
பஸ் ஏறிய பிறகுதான் உறைத்தது.
மீதிச் சில்லறையை எண்ணி வாங்கியிருந்தேன்.
அந்தக் குடை இன்னும் இருக்கிறது,
நன்றாகத்தான் விரிகிறது.

போன மாதம் ஒரு போன். மஸ்கட்டிலிருந்து.
அம்மையை அடக்கம் பண்ணிவிட்டுத் திரும்பியிருக்கிறான்.
"அக்காவைப் பத்தி நல்லா எழுதினது நீங்கதான்னு
அம்மை சாவுறது வரைக்கும் சொல்லும்.
வேதப்புத்தகத்தில துண்டு கெடந்துது.
ஒரு வரி மட்டும் வாசிக்க ஒக்கல.
விரல் வச்சுத் தேச்ச மாதிரி அண்டிக்கறை.
அஞ்சாவது வரி.
அங்க என்னதான் எழுதியிருந்தீங்க?"

கள்ளக்காதல் என்று, என்றேன்.

அந்தப் பக்கம் ஏசி ஓடிக்கொண்டிருந்தது.
அவன் போனை வைக்கவில்லை.
நானும்.