மூன்றாவது மைல்கல் அருகே

என் பெயர் பர்லாஹா. எருது பன்னிரண்டு, வண்டி ஒன்று.
கல்லுக்குக் கூலி எடைக்கணக்கு.
எந்தக் கடவுளுடைய கல் என்பதற்குத் தனிக்கணக்கு இல்லை.

பழைய பேரரசர் இருந்தபோது
பேல் கோயிலைப் பூட்டச் சொல்லி ஆணை வந்தது.
பூட்டியவன் சாவியைக் கருவூலத்தில் கொடுத்தான்,
கருவூலம் தூண்களை விலைக்கு விட்டது,
ஆயர் எவுபித்தியோஸ் ஒன்பது வாங்கினார்.
இறக்கத்தில் ஒன்பது நடை.
கயிறு சுற்றும்போது ஒவ்வொன்றின் அடிவயிற்றிலும்
கொத்தன் குறி பார்த்தேன்:
ஒரு மீன், ஒரு சீப்பு, கோணலாய் ஓர் எழுத்து.
எட்டாவதில் எந்தப் பையனோ
தன் உயரத்தைக் கீறி வைத்திருந்தான்,
மூன்று வருஷத்துக்கு மூன்று கோடு.
நான்காவது இல்லை.

தேவாலயத்தில் அவை நின்றன.
என் மனைவி ஷம்னாய் அங்கேதான் ஞானஸ்நானம் பெற்றாள்,
தலை சொட்டச் சொட்ட
எட்டாவதன் பக்கத்தில் வந்து நின்றாள்.
கோடுகளைப் பற்றி முதல்நாள் இரவு சொல்லியிருந்தேன்.

பிறகு பேரரசர் செத்தார்.
அவர் சித்தப்பா மகன் வந்தார், தாடியோடு.
தூண்கள் கோயிலுக்கே திரும்பவேண்டும் என்றார்.
ஆயர் அழவில்லை. வண்டிக்கூலி யார் தருவது என்று கேட்டார்.
எடுத்தவன் தரட்டும் என்றது நகரசபை.
எடுத்தவன் யார்?
அத்தனை தலையும் என் பக்கம் திரும்பியது.
எருதுகள் மட்டும் அசைபோட்டுக்கொண்டிருந்தன.

ஏற்றத்தில் நாளொன்றுக்குக் கால் மைல்.
ஏழு தூண்கள் ஏறி முடிப்பதற்குள்
பூசாரியைத் தேடிப் பிடித்தார்கள்.
சாயத்துறையில் இருந்தான், முழங்கைவரை நீலம்.
மந்திரத்தில் பாதி மறந்துபோயிருந்தது,
மறந்த இடங்களில் இருமினான்.
பலிக்கு மாடு வேண்டும் என்று
என் வண்டியைப் பார்த்தார்கள்.
அன்றிரவே நான் ஊரில் இல்லை;
ஆடு வாங்கிவிட்டார்கள் என்று கேட்டபின்தான் திரும்பினேன்.

எட்டாவது ஏறிக்கொண்டிருந்தது.
மூன்றாவது மைல்கல் அருகே
தபால் குதிரை எதிரே வந்தது, வாயில் நுரை.
பாரசீகத்தில் ஒரு ஈட்டி என்றான் அவன்.
யார் எறிந்தது என்று அவனுக்கும் தெரியவில்லை.
'இப்போது யார்?'
'கூடாரத்தில் வைத்து ஒருவரைத் தேர்ந்தார்கள்.
ஆள் நெட்டை. ஊதா அங்கி எட்டவில்லையாம்.'
'எந்தச் சாமி?'
'முதலில் குதிரைக்குத் தண்ணீர் காட்டு.'

மேலே இழுத்தால் புதியவருக்குத் துரோகம்.
கீழே இறக்கினால், புதியவர் யாரென்று தெரியாமல்
அதுவும் துரோகம்.
நுகத்தைக் கழற்றினேன்.
தூண் மெல்ல உருண்டு
வழியோர முள்ளில் படுத்துக்கொண்டது.

குளிர் முடிவதற்குள் நெட்டையரும் போனார்.
புதிதாய்ச் சுண்ணாம்பு பூசிய அறையாம், மூலையில் கரியடுப்பாம்.
நான் சுண்ணாம்பு ஏற்றுகிறவன்.
அப்படிப்பட்ட அறையில் கதவை மூடிப் படுக்கக்கூடாதென்று
என் வண்டிப்பையனுக்குக்கூடத் தெரியும்.
உலகத்தையே ஆள்கிறவருக்கு
அதைச் சொல்ல ஒரு வண்டிப்பையன் இல்லை.

இப்போது இரண்டு பேராம், அண்ணனும் தம்பியும்.
ஒரே சிலுவைதான், ஆனால் குமாரன் பிதாவுக்குச் சமமா, சற்றுக் கீழா
என்பதில் ஆளுக்கொரு பக்கமாம்.
எங்கள் கடைத்தெருவில் அதற்காக ஒருவன் பல் போனது.
வரிக்கணக்கன் வந்தான், முள்ளை விலக்கிப் பார்த்தான்,
'தூண் ஒன்று, கிடக்கிறது' என்று எழுதிக்கொண்டான்.

என் மகள் மர்த்தானா
கிடக்கிற கல்லில் எப்படி உயரம் பார்ப்பது என்று கேட்டாள்.
பிறகு அவளே அதை ஒட்டிப் படுத்தாள்,
குதிகாலை அடிவிளிம்பில் வைத்து.
உளியால் கீறினேன். அந்தப் பையனின் இரண்டாவது கோட்டுக்கு
விரற்கடை குறைவு.

எனக்குப் பாதிக்கூலி இன்னும் வரவேண்டும்.
மனு எழுதக் கொடுத்திருக்கிறேன்.
'மாட்சிமை தங்கிய' என்பதற்குப் பின்னால்
பெயருக்கு இடம் விட்டிருக்கிறான் எழுத்தன்,
இரண்டு பெயர் கொள்ளும் அளவுக்கு.
அந்த வெற்றிடத்துக்கும் சேர்த்தே
காசு வாங்கினான்.