வட்டம் என்றால் ஆமாம்

கோலக்கெட்டில் அடகுக்கடையில்
இருநூற்றெண்பது வெள்ளிக்கு வாங்கி வந்தான் தம்பி.
பெட்டி ஒன்று, கைப்பிடி இரண்டு,
உள்ளே யாரோ பாதியில் விட்ட ஒரு விளையாட்டு.
'சாமான் நல்ல சாமான்' என்றாராம் தவுக்கே,
'பேச்சு மட்டும் ஜப்பான்.'

சனிக்கிழமை. மழை.
கையுறை ஆலையில் எனக்கு
இரவு ஷிப்ட் இல்லாத ஒரே நாள்.
திரை முழுக்கச் சன்னல் சன்னலாய் எழுத்துகள்,
கூரை போட்டவை, கால் ஒடிந்தவை.
தமிழ் எனக்கு வீட்டில், மலாய் கிளினிக்கில்,
ஆங்கிலம் சம்பளச் சீட்டில்,
ஹொக்கியன் கொஞ்சம், மீன் வாங்குமளவு.
நாலும் கையில் இருந்தும்
பஸ் எங்கே போகும் என்று கேட்கத் தெரியாதவள்போல்
நின்றேன்.

தயாளன் பகலெல்லாம்
லாரியில் செம்பனைக் குலை ஏற்றுகிறவன்.
வாங்கியிருப்பதோ
வெங்காயம் நட்டு மாடு வளர்க்கிற விளையாட்டு.
'இதுல சம்பளம் உண்டாடா?'
'மண்டோர் இல்லக்கா.'

அலோர்ஸ்டாரிலிருந்து பிரேமகாந்தன்
போனில் வழி சொன்னான்.
கீழே நாலு. வலப்பக்கம் ஒண்ணு.
பல்சக்கரம் மாதிரி ஏதாவது தெரியுதா?
மறுபடி கீழே ரெண்டு, இல்ல, மூணு.
வட்டம்னா ஆமாம்.
பெருக்கல் குறின்னா வேண்டாம்.

அடுத்தவர் வீட்டு இருட்டில் சுவிட்சைத் தடவுவதுபோல்
தடவினோம்.
ஒரு தடவை சத்தம் போனது.
ஒரு தடவை திரை முழுக்கச் சிவப்பு.
பிறகு விரிந்தது பட்டியல்:
பிரெஞ்சு, ஜெர்மன், இத்தாலி,
ஒரு போர்ச்சுகல், அதற்கடியில் வேறொரு போர்ச்சுகல்.
'ஒரே ஆளுக்கு ரெண்டு நாற்காலியா?' என்றான் தம்பி.
கடைசி வரைக்கும் உருட்டிப் பார்த்தான்,
மழை விட்டதா என்று கையை நீட்டிப் பார்க்கிறவன் மாதிரி.
ஒன்றும் சொல்லாமல் மேலே வந்தான்.
ஆங்கிலம்.

அப்போது நீளமாய் ஒரு வாக்கியம்,
இன்னும் ஜப்பானில்தான்.
அது எச்சரிக்கை என்றான் பிரேமகாந்தன்.
மொழி மாறணும்னா எல்லாம் அணைஞ்சு
மறுபடி தொடங்கணும்.
சேமிக்காதது போயிடும்.

அந்த வாக்கியத்தை எனக்குத் தெரியும்.
தமிழ்ப்பள்ளியில் ஆறாம் வகுப்பு முடித்து
புகுமுக வகுப்பில் உட்கார்ந்தேன், முழுதாய் ஒரு வருடம்,
மொழி மாற.
மறு வருடம் முதலாம் படிவத்தில்
என்னை அக்கா என்று கூப்பிட்டுக்கொண்டிருந்த கீர்த்திமதி
பக்கத்து நாற்காலியில் இருந்தாள்.
கணக்கில் நான்தான் முதல்.
விடை தெரியும், வாய் எழாது.
கையைத் தூக்கவே மறந்துபோனது ஒரு கட்டத்தில்.
சேமித்தாயா என்று
அன்றைக்கு யாரும் கேட்கவில்லை.

'என்னக்கா, அமுக்கவா?'

வட்டம்.

திரை கறுத்தது.
பெட்டியின் சின்ன விளக்கு மட்டும் மூச்சு வாங்கியது.
வெளியே தவளைகள். செம்பனைப் பக்கம் ஒரு நாய்.
ஐம்பது நொடி இருக்கும்.

வந்தது.
நான்காம் ஆண்டு, இலையுதிர் காலம், பன்னிரண்டாம் நாள்.
கிணறு, வேலி, விதைக்கடைப் பாக்கி,
எல்லாம் படிக்க முடிந்தது.
முன்பு ஆடியவருக்குக் கடன் நிறைய.
இப்போது பெருக்கல் குறிதான் ஆமாம், வட்டம் வேண்டாம்.
பழக்கத்தில் நான் ஆமாம் ஆமாம் என்று அமுக்க
கதவு முகத்தில் சாத்திச் சாத்திக்கொண்டது.
தயாளன் சிரித்த சிரிப்பில்
மைலோ மூக்கேறிவிட்டது.

தொழுவத்தில் ஒரு மாடு.
அதன் தலைக்கு மேலே மட்டும்
மூன்று எழுத்து மாறவில்லை:
ஒரு கொக்கி, ஒரு ஏணி, கொடியில் காயும் சட்டை.
யாரோ வைத்த பெயர்.
பெயரெல்லாம் மாறாது என்றான் பிரேமகாந்தன்,
வேணும்னா அழிச்சுட்டு வேற வை.

தம்பி என்னைப் பார்த்தான்.
கைப்பிடியை வாங்கினேன்.
எது ஆமாம் என்று ஒரு கணம் யோசித்து
வைக்கோலை நீட்டினேன்.

கொக்கி, ஏணி, சட்டை
அசைய அசைய
வந்தது.