நாலு நிமிடம்

பல்சுவை நிகழ்ச்சியில் நாலு நிமிடம் உங்களுக்கு என்று
கடிதம் வந்த அன்றைக்கே
எவரெஸ்ட் தன் அக்கார்டியனைப் பிரித்து
உள்ளே கரப்பான் தேடினான்.

கோட்டு இல்லாமல் போகக்கூடாது என்றாள் பிலோமினா.
மூர் மார்க்கெட்டில் வாடகை
சாம்பல் நிறம் மூன்று ரூபாய்
குங்குமச் சிவப்பு ஐந்து.
ஐந்தே கொடுத்தோம்.
கடைக்காரர் சொல்லவில்லை, எங்களுக்கும் உறைக்கவில்லை
பெட்டிக்குள் போனால் எல்லாம் சாம்பல்தான் என்று.

கொருக்குப்பேட்டை கேட் மூடியிருந்தது.
டிரம்ஸைக் கட்டிய மீன்பாடி வண்டியில் நின்றபடி
சரக்கு ரயிலுக்குத் தாளம் போட்டான் தேசப்பன்.
நாற்பத்தேழு பெட்டி. கடைசிப் பெட்டி தாளம் தப்பியது.

ஸ்டுடியோவில் அப்படி ஒரு குளிர்.
காசிமேட்டு ஐஸ் பாக்டரியில்தான் அதற்கு முன் பட்டிருக்கிறேன்.
தரையில் சுண்ணக்கட்டிக் கோடு,
தாண்டாதீர்கள் என்றார்கள்.
எனக்கும் என் பாங்கோஸுக்கும்
பிளாஸ்டிக் செடி ஒன்றின் பின்னால் இடம்.
காமிராவைப் பார்க்காதே என்றவர்கள்
எதைப் பார்ப்பது என்று சொல்லவில்லை.
பிலோமினாவின் செருப்பைப் பார்த்தேன்.
இடது வார் அறுந்து ஊக்கு குத்தியிருந்தாள்.
அந்த ஊக்கு தாளத்துக்குத் துள்ளியது.

கோட்டைத் திருப்பியபோது
வியர்வைக் கறைக்கு ஒரு ரூபாய் பிடித்தார்கள்.
அந்தக் குளிரிலும் வியர்த்திருக்கிறது.

வெள்ளிக்கிழமை. தண்டையார்பேட்டை மாநகராட்சிப் பூங்கா.
வாட்ச்மேன் கஜபதி மரப்பெட்டியின் பூட்டைத் திறந்தார்.
உரம் பற்றி ஒருவர் பேசினார், பேசினார்.
மடியில் பொம்மையை வைத்துக்கொண்டு ஒருவர்
தன் வாயை மூடிக்கொண்டார்.
பிறகு நாங்கள்.

எவரெஸ்டின் தலை மேலே ஏறிப் போய்
அவன் காலுக்குக் கீழே முளைத்தது.
பெட்டிக்கு ஒரு அறை விட்டார் கஜபதி. படம் நின்றது.
'இன்னாபா, செவப்பு கோட்டுன்னே?'
யாரோ கேட்டார்கள். யாரும் பதில் சொல்லவில்லை.

மணலில் முதல் வரிசையில் என் மாமியார்.
'நீ எங்கப்பா?'
'அந்தச் செடிக்குப் பின்னாடி.'
'செடிக்குப் பின்னாடி குந்தறதுக்கா அஞ்சு ரூபா?'

இரண்டாம் சரணம் முடிகிற இடம்.
எதற்கென்று தெரியவில்லை, காமிரா இறங்கி
இலை இடுக்கில் நுழைந்து
என் வலது கையில் வந்து உட்கார்ந்தது.
பெட்டி முழுக்க என் கை.
லேத் மிஷின் தின்றுவிட்ட மோதிர விரல் நுனி
அங்கேயும் இல்லை.
மீதி விரல் ஆடிக்கொண்டிருந்தது,
என்னைக் கேட்காமல்.

மூன்று நொடி இருக்குமா?
நாலு என்பான் தேசப்பன். தாளக்காரன்,
அவன் கணக்கில் தலையிடுவதில்லை.

திங்கட்கிழமை, பெரம்பூர் கேரேஜ் கேட்.
டோக்கன் வாங்கும் வரதராஜுலு
பதினோரு வருடமாக யார் முகத்தையும் பார்த்ததில்லை.
அன்றும் பார்க்கவில்லை.
நீட்டிய விரலைப் பார்த்தார்.
'நீயா அது?'

ஆமாம் என்பதற்குள் சங்கு ஊதிவிட்டது.