ஐந்தாவது நிபந்தனை

குமாரசாமிப்பேட்டை, மாடிப் போர்ஷன்.
இருபது ரூபாய் பத்திரத்தில் ஐந்தாவது வரி:
வெளியாள் மூன்று இரவுக்கு மேல் தங்கினால்
தலைக்கு, நாளொன்றுக்கு, ஐம்பது ரூபாய்.
தண்ணீருக்காக.

மாதையன் ஆட்களை எண்ணுவதில்லை.
செருப்புகளை எண்ணுகிறார்.
விடிந்ததும் மோட்டார் போட்டுவிட்டு மேலே வந்து
கடைசிப் படியில் ஒரு நொடி நிற்பார்.
கிழங்கு மண்டியில் மூட்டைக் கணக்குப் பார்த்த கண்.

தங்கை ஸ்கேன் எடுக்க வந்த வாரம்
அவள் ஜோடியை மஞ்சப்பையில் போட்டு
அரிசி டின்னுக்குப் பின்னால் வைத்தேன்.
வெறுங்காலோடு துணி காயப்போட்டாள்.
வேண்டுதலா என்றார்.
ஆமாம் என்றாள், ஆறு மாத வயிற்றோடு,
வெயிலில் பாதம் மாற்றி மாற்றி.

இந்த ஆடியில் முனிராஜ் வந்தான்.
போர் லாரி, சத்தீஸ்கர், எட்டு மாதம்.
பத்தாம் நம்பர் செருப்பு, பாறைத்தூள் ஏறியது,
எந்தப் பைக்கும் அடங்காதது.

நான்காம் நாள் கதவு தட்டினார்.
"யாரும்மா வந்திருக்கறது?"
"வீட்டுக்காரருங்க."
"வீட்டுக்காரன் நானில்ல?"

விளையாட்டுக்குச் சொல்லவில்லை.
பத்திரத்தில் என் கையெழுத்து மட்டும்தான்.
அன்றைக்கு அவன் எங்கோ
அறுநூறு அடிக்குக் கீழே
யாருக்கோ தண்ணீர் தேடிக்கொண்டிருந்தான்.

ஈரத் தலையோடு வந்து எவ்வளவு என்று கேட்டான்.
"ஒரு பொட்டு வரலைன்னாலும்
அடிக்கு இவ்வளவுன்னு நாங்களும் வாங்கறதுதான்."
பர்ஸை எடுத்தே விட்டான்.
நான் கையைப் பிடித்துக்கொண்டேன்.

ஜவுளிக்கடையில் கூட பில் போடும் ரெஹானா சொல்லியிருந்தாள்,
சட்டம் இருக்குது அக்கா,
தண்ணியை நிறுத்தவெல்லாம் முடியாது என்று.
அதன் பேரும் வருஷமும்
நேற்றுவரை தெரிந்திருந்தது.
அந்த நேரத்தில் வாயில் வந்தது இதுதான்:
"பேனா இருக்குங்களாண்ணா?"

பத்திரத்தை எடுத்து வந்து
என் பெயருக்கு அடியில் இடம் காட்டினேன்.
இவர் பேரையும் எழுதிடலாங்க.
விருந்தாளி இல்லைங்க இவர்.

கண்ணாடி கொண்டு வரலியே என்றார்.
சாயங்காலம் பார்ப்போம் என்றார்.
அதற்குள் தொட்டி நிரம்பி
படியில் சளசளவென்று இறங்கத் தொடங்கியது.
ஐயோ மோட்டாரு என்று
அவர் மாட்டிக்கொண்டு ஓடியது
முனிராஜின் செருப்பை.

பாதிப் படியில் அது கழன்று, மறுபடி மாட்டி,
தப் தப்பென்று கீழே போகும் சத்தம்.
முனிராஜ் சிரித்தான்.
எனக்குச் சிரிப்பு வர கொஞ்சம் நேரமானது.

இரவு எட்டு மணி வரை
அவருடைய ஜோடி எங்கள் வாசலில் கிடந்தது.
பத்திரம் டிவி மேல்,
மடிக்காமல்.