மூடியால் அளந்தது

"ஊருக்கெல்லாம் கலக்கித் தர்ற.
எனக்கு ஒருநாளாச்சும் குடுத்திருக்கியா?"
செருப்பைக் கழற்றாமலே கேட்டாள் ஹெப்சிபா.
செவ்வாய் இரவு, தண்டையார்பேட்டை, மூன்றாம் மாடி.
எனக்கு வார விடுப்பு.
அவளுக்கு ஆஸ்பத்திரியில் பகல் டூட்டி முடிந்திருந்தது.

கேட்டது நியாயம்.
ஆறு வருடமாக நுங்கம்பாக்கத்தில்
கண்ணாடி அலமாரிக்கு முன் நின்று
இரவுக்கு நாற்பது மார்கரிட்டா.
ருசி தெரியும்: புறங்கையில் ஒரு சொட்டு,
நாக்கால் தொட்டுவிட்டு அடுத்த ஆர்டர்.
முழுக் கோப்பை நானும் குடித்ததில்லை.

டெக்கீலா இருந்தது.
கப்பலுக்குப் போகிற மச்சான் கில்பர்ட்
கிறிஸ்துமஸுக்குக் கொண்டுவந்தது,
அரிசி டிரம்முக்குப் பின்னால்
மாமியார் கண்படாமல் ஆறு மாதம் நின்றது.
ஆரஞ்சு மது இல்லை.
கமலாப்பழத் தோலைச் சீவி
சர்க்கரையில் பிசைந்து வைத்தேன்,
அரைமணியில் அது தானாக அழுதுவிட்டது.

ஷேக்கருக்கு அவளுடைய சாப்பாட்டு டப்பா,
திருகு மூடி.
எலுமிச்சைத் தோலால் மூன்றுமுறை தேய்த்தும்
வஞ்சிரக் குழம்பு வீட்டைக் காலி பண்ணவில்லை.
அளவுக்கு இருமல் மருந்து மூடி,
ஐந்து, பத்து, பதினைந்து என்று கோடு போட்டது.
"டோஸ் பாத்து ஊத்து" என்றாள்.

ஐஸ்தான் சிக்கல்.
காசிமேட்டில் மலையாய்க் கொட்டிக் கிடக்கிறது,
மீனுக்கு.
மனிதனுக்கு வேண்டுமென்றால் எங்கள் ஃபிரிட்ஜ்.
வோல்டேஜ் வந்தால் உறையும்,
போனால் யோசிக்கும்.
தட்டைத் திருகினேன்:
பதினான்கு குழியில் ஒன்பது தேறின.

கல்யாணத்துக்கு வந்த ஆறு ஐஸ்கிரீம் கிண்ணத்தில்
உடையாத இரண்டு.
கல் உப்பைச் சப்பாத்திக் கட்டையால் நெரித்து
பாதி விளிம்புக்கு மட்டும் ஒற்றினேன்.
ஓட்டலில் அப்படித்தான்.
வேண்டியவர் உப்புப் பக்கம் குடிக்கலாம்,
வேண்டாதவர் திருப்பிக்கொள்ளலாம்.
தொழில் ரகசியம் அவ்வளவே,
மற்றதெல்லாம் மஞ்சள் விளக்கு.

தோளுக்கு மேலே டப்பாவைத் தூக்கிப்
பன்னிரண்டு நொடி குலுக்கினேன்.
கீழ்வீட்டுத் தணிகாசலம்
கூட்ஸ் போகிறதென்று நினைத்திருப்பார்.
கொருக்குப்பேட்டைப் பக்கம் அந்நேரம்
நிஜமாகவே ஒன்று போனது.

கண்ணை மூடி ஒரு வாய் குடித்தாள்.
நான் துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு
பழக்க தோஷத்தில் இரண்டடி தள்ளி நின்றேன்.

"டேய், இது ஓஆர்எஸ்-டா."

உப்பு, சர்க்கரை, எலுமிச்சை, தண்ணி.
விரலை மடக்கி மடக்கிச் சொன்னாள்.
"இதுக்கு எவ்ளோ வாங்குறீங்க?"
ஆயிரத்து நூறு, வரி தனி.
சிரித்ததில் மூக்கில் ஏறி இருமினாள்.
"எங்க வார்டுல ஃப்ரீ."

பிறகு சிரிப்பு இறங்கியபின் சொன்னாள்:
இன்று பதினேழாம் கட்டிலில்
எண்ணூரிலிருந்து ஒரு லோடுமேன்.
வெயிலில் சுருண்டு விழுந்தவன்.
ரெண்டு மணியிலிருந்து அஞ்சுவரை
ஸ்பூன் ஸ்பூனாகக் கொடுத்தாளாம்.
கண் திறந்ததும் முதலில் கேட்டது,
"சிஸ்டர், எலுமிச்ச கொஞ்சம் தூக்கலா."

என் ஆறாம் மேசைக்காரரும்
வாரா வாரம் அதையேதான் கேட்பார்.
சொல்லவில்லை.
உட்கார்ந்தேன்.
என் கிண்ணத்தை எடுத்து
உப்புப் பக்கமாய்த் திருப்பி
முதல்முறையாக அடிவரை குடித்தேன்.
சர்க்கரை ஒரு பிடி கூடிப்போயிருந்தது.
நாற்பது பேரில் ஒருவராவது
திருப்பி அனுப்பியிருப்பார்.

அவள் அனுப்பவில்லை.
மருந்து மூடியை நீட்டினாள்,
"இன்னும் ஒரு மூடி எலுமிச்ச."

மறுநாள் அதே டப்பாவில் தயிர்ச்சோறு கட்டினேன்.
மதியம் போன் பண்ணினாள்:
சோறு கமலா வாசனை அடிக்கிறதாம்,
பக்கத்து வார்டு சிஸ்டரும்
நாளைக்குக் கேட்கிறாராம்.