லெக் பை ஒன்று

நான் அந்த அணிக்கு ஆடியதில்லை.
பென்சில் சீவினேன், எழுதினேன்.
கைஸ்காமா பள்ளத்தாக்கு அணி
பதினேழு வருஷம் ஆடிய அத்தனை பந்தும்
என் கையெழுத்தில் இருக்கிறது.

ஊரில் இரண்டு மைதானம்.
ஒன்றில் புல், வெள்ளை வேலி, தேநீர்க் கொட்டகை.
அங்கே எண் தகடு மாட்டும் பையன்கள் மட்டும்
எங்கள் பையன்கள்.
மற்றது செங்கல் சூளைக்குப் பின்னால்.
சாம்பல் கொட்டி மிதித்துச் சமன் செய்தோம்.
நடுவே பாய் விரித்து நாலு மூலையும் ஆணியடித்தால்
ஆடுகளம்.
அறுபத்தொன்றாம் வருஷ நோட்டின் ஓரத்தில்
'டாஸ்: மாடுகள் வென்றன' என்று எழுதியிருக்கிறேன்.
அவை எழுந்து போக முக்கால் மணி நேரமாயிற்று.

பகாமிலே அன்னாசி ஆலையில் பழம் நறுக்குபவன்.
சாறு தின்ற விரல் நுனிகளில் தோலே இராது.
"தையலைப் பிடித்தால் எரிகிறது, அக்கா,
அதனால்தான் சீக்கிரம் விட்டுவிடுகிறேன்" என்பான்.
ஒருமுறை முப்பத்தொரு ரன்னுக்கு ஒன்பது விக்கெட்.
பத்தாவது ஆள் பஸ்ஸைத் தவறவிட்டிருந்தான்.

விக்கெட் கீப்பர் கயலேத்து வாய் ஓயாமல் பேசுவான்.
பந்தோடு பேசுவான், பாயோடு பேசுவான்,
ஆட்டமிழந்து போகிறவனின் முதுகோடும் பேசுவான்.
எழுபத்து மூன்றில் அவனைப் பிடித்துப் போனார்கள்.
ஐந்து மாதம்
ஒரு பெயர்கூடச் சொல்லவில்லையாம்.

தொடக்க ஜோடி வுயிசிலே ஃபிகேனியும் ஜோனாஸும்.
இவன் வலக்கை, அவன் இடக்கை.
அணிக்கு இருந்தது ஒரே ஜோடி கால்காப்பு.
இடது இவனுக்கு, வலது அவனுக்கு.
பந்து வரும் பக்கத்துக் கால்
மூடியிருந்தால் போதாதா?

எழுபத்தாறு, மார்ச், இரண்டாம் நாள்.
ஃபிகேனி தொண்ணூற்றொன்பது.
அப்போதுதான் வேன் வந்தது, எல்லைக்கோட்டில் நிற்காமல்
பாய் மீதே வந்து நின்றது.
சார்ஜென்ட் இரண்டு பெயில்களையும் சட்டைப் பைக்குள் போட்டுக்கொண்டு
"ஆதாரம்" என்றார்.
நோட்டு என் பாவாடை மடிப்புக்குள் இருந்தது.
அன்றிரவு சமையலறையில் அவன் பெயருக்கு எதிரே
99, பக்கத்தில் ஒரு நட்சத்திரம்.

போன மாதம் ஜோஹன்னஸ்பர்க்கிலிருந்து ஒருவர் வந்தார்.
இரண்டு வாரியமும் ஒன்றாகிவிட்டதாம்,
எங்களையும் புத்தகத்தில் சேர்க்கிறார்களாம்.
பக்கம் பக்கமாகப் புரட்டினார்.
இவை முதல்தர ஆட்டங்கள்தானா என்று
முடிவு செய்யக் குழு இருக்கிறதாம்.
எப்படியும் பின்னிணைப்பில் வந்துவிடும் என்றார்.
காபியைக் குடித்து முடிக்கவில்லை.

மறுநாள் காலை ஃபிகேனி வந்தான்.
உட்காரவில்லை.
"தேநீருக்குப் பிறகு மூன்றாவது ஓவர், நொம்பூலேலோ,
நாலாவது பந்து. எடு."
எடுத்தேன்.
"லெக் பை என்று எழுதியிருக்கிறாய். மட்டையில் பட்டது அது."
"அம்பயர் முழங்காலைத் தொட்டுக் காட்டினார்."
"மாபூமாவுக்குக் காது கேட்காது. ஊருக்கே தெரியும்."
"எனக்கும் தெரியும்."
"பென்சில்தானே. ஒரே ஒரு கோடு."

முடியாது என்றேன்.

கதவை அறைந்துவிட்டுப் போனான்,
தொப்பியை மறந்து திரும்பி வந்தான்,
என் முகத்தைப் பார்க்காமல் எடுத்துக்கொண்டான்.

பின்னங்காலைக் கடந்து ஓடிய பந்து அது.
அம்பயர் காட்டியதை நான் எழுதினேன்,
நாளைக்குக் கேட்டாலும் அதையேதான் எழுதுவேன்.
ஆனால் அந்தக் காலில் கால்காப்பு இல்லை.
டொக்கென்ற சத்தம் என் பெட்டி வரைக்கும் கேட்டது.
இருபத்திரண்டு கஜமும்
அவன் நொண்டாமல் ஓடினான்.