துணை நடிகர், இரண்டாம் பாகம்

இருபத்து மூன்று வருஷம் கழித்து
அதே பாலம். அதே கிளாஸ்கோ மழை,
தயாரிப்பாளருக்குச் செலவில்லாமல்.
முதல் படத்தில் நான் ஓடினேன்,
திருடிய டிவி தோளில், நான்கு நொடி.
டிவி வெறும் அட்டைப்பெட்டி.
நரம்புக்குள் ஓடியது மட்டும் நிஜம்.
கூலி இருபது பவுண்டு
சாயங்காலம் வரைகூடத் தாங்கவில்லை.

இந்தமுறை நடந்தால் போதும் என்கிறார்கள்.
அதற்கே முட்டி யோசிக்கிறது.
கிரீனக் கிடங்கில்
இரவு பத்திலிருந்து ஆறு வரை பெட்டி தூக்கும் முட்டி.
பெட்டிக்குப் பதினோரு நொடி;
தாமதித்தால் மணிக்கட்டுக் கருவி கீச்சிடும்.
நேற்றிரவுக்கு விடுப்புக் கேட்டேன்.
எங்கள் ஒப்பந்தத்தில் அப்படியொரு சொல் இல்லை,
'வராதவர்' என்று குறித்துக்கொண்டார்கள்.

மேக்கப் பெண் ஐலா
முதல் படத்துக்குப் பிறகு பிறந்தவள்.
கதாநாயகனுக்கு வயதேற்ற
மூன்று மணி நேரம் பிடித்ததாம்.
தூரிகையோடு என்னருகே வந்தாள்,
பார்த்தாள்,
பெட்டியை மூடிவிட்டாள்.

அவன் கையில் தழும்பு வரைந்திருந்தார்கள்.
சரியா இருக்கா என்று கேட்டான்.
இரண்டு விரற்கடை கீழே, என்றேன்.
நீ காட்டும் நரம்பு முதல் வருஷமே செத்துவிடும்.

அன்று என்னோடு ஓடியவர்கள் ஒன்பது பேர்.
தேடினார்களாம்.
மோராக் முதியோர் இல்லத்தில் தரை துடைக்கிறாள்,
ஷிப்ட், வரமுடியாது.
மற்றவர்களுக்குக் கடிதம் போட
ஒரே முகவரி போதும், தோட்டத்தின் பெயர் மட்டும்.

மதியத்துக்கு மேல்
உதவி இயக்குநர் தயங்கித் தயங்கி வந்தார்.
பல்லைக் கழற்ற முடியுமா?
மெதடோன் தின்றதற்குப் பதிலாகப்
பதினான்கு தவணையில் நான் கட்டிய பல்.
கேமராவுக்கு அது ரொம்ப நன்றாக இருக்கிறதாம்.
கூடுதலாகப் பதினைந்து பவுண்டு.
பல்லுப் போனால் சொல்லுப் போச்சு.
போகட்டும், எனக்கு வசனமே கிடையாது.

ஏழு டேக்.
ஏழாவதில் கால் தானாக வேகமெடுத்தது,
பின்னால் யாரோ வருவதுபோல.
கட்!
"ஓட வேண்டாம், மிஸ்டர் கில்ஃபில்லன்."
மிஸ்டர்.
போலீஸ்காரரும் நீதிபதியும் தவிர
வேறு யாரும் என்னை அப்படி அழைத்ததில்லை.

ஆறே முக்கால் ரயிலில்
காகிதக் கோப்பைக்குள் பல்
சட்டைப்பையில் கடகடக்கிறது.
போர்ட் கிளாஸ்கோ தாண்டி மாட்டிக்கொள்ளலாம்.
பத்து மணிக்கு நேரமிருக்கிறது,
செட்டில் கொடுத்த பன்னும்
இன்னும் மெதுவாகத்தான் இருக்கிறது.